அலமாரிக்கு வெளியே

கால்களுக்கு நன்னீர்ச் சிங்கியின் ஓடு.
ஆகஸ்ட் விருந்துகளில் ஊரே உறிஞ்சித் துப்பியதை
அலசி, கவிச்சி போக உலர்த்தி
மூன்று பிஸ்கட் டப்பாக்களில் வைத்திருக்கிறேன்.
தோல் பிரிகிற ஓசைக்குத்
தர்பூசணிக்குள் முழங்கை வரை கை.
முட்டைகள் மொத்தமாய்ப் பொரிவதற்குச்
சவர நுரை, மைக்குக்கு அரை அங்குலத்தில்.
தம்பெரே நகரத்துப் பழைய நூற்பாலையின் நிலவறையில்
இதுதான் என் உத்தியோகம்:
பதினெட்டு வயது நிரம்பியவர்களைப்
பயமுறுத்துவது.

விளையாட்டில் நீங்கள் ஒரு செவிலி.
சுரங்க ஊர் ஆஸ்பத்திரி, வெளியே பனி, மின்சாரம் போய்விட்டது.
பூச்சி ஆள் உயரம்.
ஆண்களின் விலாவுக்குள் முட்டையிடும்.
நீங்கள் அலமாரிக்குள் ஒளியலாம்.
துப்பாக்கி உண்டு, இரண்டே தோட்டா;
இரண்டாவது யாருக்கென்று
யாரும் சொல்வதில்லை.

எல்லாம் சரி, மூச்சைக் காணோமே என்றாள் ஹில்லேவி.
பூச்சிக்கு நுரையீரல் கிடையாது என்றேன்.
விலாவோரம் துளைகள்தான். சில ஜாதிகள்
அவற்றையும் சாத்திக்கொண்டு
நெடுநேரம் சும்மா கிடக்கும்.
ஆடுகிறவனுக்கு நுரையீரல் உண்டல்லவா, என்றாள்.

வீட்டில் ஒரு கோப்பு இருந்தது.
டாக்டர் கேட்டாரென்று
ஆர்வோ தூங்கும்போது பதிந்தது.
ஏழு மணி நேரம், ஒரு ஜனவரி இரவு.
மூன்று சுருதி இறக்கினேன்.
தொண்டைக்குப் பின்னால் கொஞ்சம் சிங்கி ஓடு தூவினேன்.
அவ்வளவுதான்,
என் பதினாறு வருஷக் கட்டில்
எழுந்து வந்து அலமாரிக்கு வெளியே நின்றது.

சோதித்துப் பார்க்கிற பையன் யொவ்னி
ஹெட்போனைக் கழற்றி மேசையில் வைத்தான்.
மூச்சு விடும்போது பயமில்லை.
நிற்கிறதே,
அப்போதுதான்.

ஒன்பது நொடி நிற்கும்.
ஆரம்ப வருஷங்களில் இரண்டாவது நொடியிலேயே
அவன் தோளைத் தொடுவேன்.
பிறகு தொடுவதை விட்டேன்.
ஐந்தில் கணக்குகள் வரும்:
வீட்டுக் கடன், காப்பீடு, கார் யார் பேரில்.
ஏழில் நான் எதையும் வேண்டிக்கொள்ளவில்லை.
வேண்டிக்கொள்ளாமலும் இல்லை.
எட்டு.
அப்புறம் கூரையையே உள்ளே இழுப்பதுபோல் ஓர் இழுப்பு.
ஆர்வோ புரண்டு
என் இடுப்பில் கை போடுவான்.
அந்தக் கையின் கனம்தான் எனக்குப் பயம்.
சொன்னால் நம்பமாட்டீர்கள்,
ஆசையும் அதன்மேல்தான்.

ஒருமுறை நானும் ஆடிப் பார்த்தேன்.
ஒளியச் சொன்ன இடத்தில் ஒளிந்தேன்.
ஏழாவது நொடியில் என் விரல் தானாகக்
கதவைத் திறந்துவிட்டது.
திரை சிவந்தது. செவிலி செத்தாள்.
எனக்குப் பசித்தது.

இப்போது அவன் நாசியார்வி ஏரிக்கு அந்தப் பக்கம்
ரித்வாவின் வீட்டில் தூங்குகிறான்.
நாற்பதாயிரம் பேர் அவரவர் அலமாரிக்குள்
மூச்சைப் பிடித்துக்கொண்டு
அவன் போகட்டுமென்று காத்திருக்கிறார்கள்.
அவனுக்குத் தெரியாது.
படிவத்தில் நான் நிரப்பியது:
ஆண், நாற்பத்தெட்டு, பெயர் வேண்டாம்.

மார்ச்சில், ஏரிப் பனி விரிசல் விடுவதைப்
பதிந்துகொண்டிருந்தபோது
தெரியாத எண்ணிலிருந்து அழைப்பு.
என் மகன் அந்தப் பூச்சி விளையாட்டை ஆடுகிறான், என்றாள்,
ஹலோகூடச் சொல்லாமல்.
நான் பாத்திரம் கழுவிக்கொண்டிருந்தேன்.
கதவு வழியாகக் கேட்டது.
அது அவர்தானே?

ஆமாம்.

பனி தன்பாட்டுக்கு முறிந்தது.
மைக் ஓடிக்கொண்டிருந்தது; நான் நிறுத்தவில்லை.
அந்த முனையில் சொட்டுகிற குழாய்,
நாற்காலி ஒன்று இழுபடும் ஓசை.
பிறகு, பக்கத்து அறையில் யாரோ தூங்குவதுபோல்
குரலைத் தாழ்த்திக்கொண்டு:
நீங்களும் எண்ணினீர்களா?

ஒன்பது வரைக்கும், என்றேன்.

இப்போது பதினொன்று, என்றாள்.